மழைக்காரன் படமும் சபீனாவின் தமிழும்

1

எங்கள் வீட்டில் மூன்று பேர். விமான நிலையத்துக்குப் போனால் மட்டும் நாங்கள் இரண்டு வரிசை. என் கணவர் நவ்ஷாதும் மகள் ஹனாவும் நோர்வேக் கடவுச்சீட்டைக் கண்ணாடிக்கு மேலே வைத்துவிட்டு, பாண் வாங்கப் போகிறவர்கள் மாதிரி உள்ளே போய்விடுவார்கள். நான் இலங்கைக் கடவுச்சீட்டைப் பிடித்துக்கொண்டு மற்ற வரிசையில் முக்கால் மணித்தியாலம் நிற்பேன். போன முறை எங்கள் ஊர் கனமூலைக்குப் போய்த் திரும்பி வந்தபோது, அந்தப் பக்கம் நின்றபடி ஹனா எனக்குக் கை காட்டினாள். ஆளை வழியனுப்புகிறவள் மாதிரி இருந்தது.

இந்த நாட்டுக்கு வந்து பதினாறு வருடம். குடியுரிமைக்கு என்னிடம் குறைவாக இருந்தது ஒன்றே ஒன்று: பேச்சுப் பரீட்சை. எழுத்துப் பரீட்சையில் பாஸ். நான் பேசினால்தான் பிரச்சினை.

என் பேச்சைப் பற்றி ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். இவர்களுடைய மொழியில் ‘தக்’ என்றால் நன்றி. கொஞ்சம் இழுத்து ‘தாக்’ என்றால் கூரை. வந்த புதிதில், மரியாதையாக இருக்கட்டும் என்று நான் எல்லோரிடமும் இழுத்து இழுத்துச் சொன்னேன். வைத்தியரிடம் கூரை, பஸ் சாரதியிடம் கூரை, பனியில் வழுக்கி விழுந்த என்னைத் தூக்கிவிட்ட கிழவரிடம் ‘ஆயிரம் கூரை’. ஆறு மாதம் யாரும் திருத்தவில்லை. இங்குள்ளவர்கள் அவ்வளவு மரியாதையானவர்கள்.

முதல் தடவை பேச்சுப் பரீட்சையில் நான் விழுந்தது வேறு காரணத்தால். அதில் இரண்டு பேரைச் சேர்த்து உட்காரவைத்து ஒரு விடயத்தை விவாதிக்கச் சொல்வார்கள். எனக்குக் கிடைத்த ஜோடி ஒரு போலந்துக்காரர். பெண்கள் கார் ஓட்டுவதால்தான் வீதியில் நெரிசல் என்றார். ‘ஓம்’ என்றேன். பிள்ளைகளுக்குப் பாடசாலையில் வீட்டுவேலை இன்னும் கூட்டிக் கொடுக்க வேண்டும் என்றார். அதற்கும் ‘ஓம்’. முன்பின் தெரியாத மனிதரை முகத்துக்கு நேரே மறுத்துப் பேச எங்கள் உம்மா எனக்குப் பழக்கவில்லை. ‘கருத்து வேறுபாட்டை வெளிப்படுத்தும் திறன் போதாது’ என்று கடிதம் வந்தது. நவ்ஷாத் அதை இரண்டு தரம் வாசித்தார்.

“இதை எழுதினவங்களுக்கு உங்களத் தெரியாது,” என்றார்.

2

இரண்டாம் தடவைக்கு விண்ணப்பித்தேன். மாலை வகுப்பு ஆசிரியை இங்கெர், “உங்கள் வாழ்க்கையை மாற்றிய ஒரு புத்தகம் அல்லது படம்” என்ற தலைப்பு அடிக்கடி வருகிறது, அதை வீட்டில் பேசிப் பழகுங்கள் என்றாள். மற்றவர்கள் யோசித்தார்கள். நான் யோசிக்கவே இல்லை. என் வாழ்க்கையை ஒரு படம் உண்மையாகவே மாற்றியிருக்கிறது.

அது ஒரு ஹிந்திப் படம். அதன் பெயர் அப்போதும் என் வாயில் நுழையவில்லை, இப்போதும் நுழையாது. எங்கள் ஊரில் அதை ‘மழைக்காரன் படம்’ என்போம். ஏதோ பாலைவனத்து மக்கள் சொல்லிவந்த காதல் கதையைப் படமாக்கியது. மழை பெய்யும்போது மட்டும் மனித உருவத்தில் வருகிற ஒருவன், மழை அபூர்வமான ஊரில் ஒரு பெண்ணைக் காதலிக்கிறான். அவன்தான் மழைக்காரன். அதே ஊரில் தானிய வியாபாரி ஒருவன், அதிகம் பேசாதவன், கையில் எப்போதும் ஒரு மண்முட்டி. அவனுக்கும் அந்தப் பெண்மேல் விருப்பம். நாங்கள் அவனுக்கு வைத்த பெயர் முட்டிக்காரன்.

அப்போது எனக்கு இருபத்திரண்டு வயது. இரண்டு இடத்திலிருந்து கல்யாணப் பேச்சு வந்திருந்தது. ஒன்று மதுரங்குளிச் சந்தியில் இரும்புக்கடை வைத்திருந்த ரமீஸ். கறுப்புக் கண்ணாடி, சிவப்பு மோட்டார்சைக்கிள், கல்யாண வீடுகளில் பாட்டு. மற்றது எங்கள் ஒழுங்கையிலேயே இருந்த நவ்ஷாத். கட்டாரில் மூன்று வருடம் வெல்டிங் வேலை செய்துவிட்டு வந்தவர். பெரிய காதுகள். ஸலாம் சொன்னால் பதில் சொல்வார், அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது. அவருடைய தங்கச்சி சபீனாவும் நானும் பாடசாலையிலிருந்தே ஒன்றாகத் திரிந்தவர்கள்.

வெள்ளிக்கிழமைக்குள் பதில் வேண்டும் என்று உம்மா சொல்லியிருந்தா. என் மனம் சிவப்பு மோட்டார்சைக்கிளின் பின்னால் எப்போதோ ஏறி உட்கார்ந்துவிட்டது.

அந்த ஞாயிற்றுக்கிழமைதான் பக்கத்து வீட்டுச் சித்தி மாமியின் தொலைக்காட்சியில் மழைக்காரன் படம் போட்டார்கள்.

3

படம் ஹிந்தி. கீழே ஓடியது சிங்கள எழுத்து. ஹிந்தி எங்கள் யாருக்கும் தெரியாது. சிங்களம் கடையில் கதைக்கத் தெரியும், ஓடுகிற எழுத்தை வாசிக்க வராது. சபீனா மட்டும் சிலாபத்தில் ஒரு மருந்துக்கடையில் இரண்டு வருடம் நின்றவள். வைத்தியர்மார் கிறுக்கிய சிங்களத்தையே வாசிக்கிறவள். ஆகவே அவளை முன்னால் கதிரை போட்டு உட்காரவைத்துவிட்டு, பாயில் பத்துப் பன்னிரண்டு பெண்கள் அவள் வாயைப் பார்த்துக்கொண்டு இருந்தோம்.

மழைக்காரன் வந்தான். தலைமயிர் நனைய நனைய என்ன அழகு! பாட்டும் பாடினான்.

“பொய் சொல்றான்,” என்றாள் சபீனா. “எல்லாப் பொம்புளைகளுக்கும் இதே பாட்டுத்தானாம்.”

முட்டிக்காரன் வந்தான். கதாநாயகியின் வழியை மறித்து நின்று மெல்லிய குரலில் ஏதோ சொன்னான்.

“‘சாப்பிட்டீங்களா?’ எண்டு கேக்குறாரு.”

“புள்ள, அவன் பல்லைக் கடிச்சிக்கிட்டுல்ல கதைக்கிறான்?” என்றா சித்தி மாமி.

“பல்லுக்குத்து மாமி. அதோடயும் அந்தப் புள்ளையப் பத்தித்தான் விசாரிக்கிறாரு.”

பாயில் இருந்தவர்கள் உச்சுக் கொட்டினார்கள். முட்டிக்குள் என்ன என்று யாரோ கேட்டார்கள். “குர்ஆன் ஓதின தண்ணி,” என்றாள் சபீனா. “அந்த மழைக்காரன் ஷைத்தான்ட வகை. அவன அண்டவிடாம இவரு அந்தத் தண்ணியத் தூக்கிக்கொண்டு ஊரெல்லாம் காவல் காத்துத் திரியிறாரு.”

கடைசியில் கதாநாயகி முட்டியைப் பிடுங்கி நிலத்தில் அடித்து உடைத்தாள். கை தவறிவிட்டது என்றாள் சபீனா. மழை கொட்டியது. கதாநாயகி திரும்பிப் பார்க்காமல் தடாகத்துக்குள் இறங்கிப் போனாள், கழுத்தளவு, பிறகு தலையும் மறைந்தது. முட்டிக்காரன் தோளில் சால்வையோடு கரையில் தனியாக நின்று அழுதான்.

“என்ன நடக்குது?” என்று எல்லோரும் ஒரே நேரத்தில் கேட்டோம்.

“குளிக்கப் போறா. அவரு துவாயோட நிக்கிறாரு.”

“ஏன் அழுகிறாரு?”

“சந்தோசம் மாமி. குளிச்சிட்டு வந்த உடனே நிக்காஹ்.”

நான் அழுதுவிட்டேன். அப்படி ஒரு மனிதன்! பேசாமல், பாட்டுப் பாடாமல், ஓதின தண்ணீரைச் சுமந்துகொண்டு, கடைசியில் துவாயோடு நிற்கிறவன். திங்கட்கிழமை காலை உம்மாவிடம் போய், நவ்ஷாதைக் கட்டுகிறேன் என்றேன்.

“அந்த ஊமையனையா?” என்றா உம்மா.

“பேசாத ஆக்கள்தான் காவல் காப்பாங்க உம்மா.”

ஆறு மாதம் கழித்து மதுரங்குளி ரமீஸ் சபீனாவையே கட்டினார். எல்லாம் நசீபு, எழுதப்பட்டபடிதான் நடக்கும் என்று நினைத்துக்கொண்டு நான் அவள் கைக்கு மருதோன்றி வைத்தேன்.

4

இந்தக் கதையைத்தான் இவர்களுடைய நொஸ்க் மொழியில் ஹனாவுக்குச் சொல்லிப் பழகினேன். அவளுக்குப் பதினைந்து வயது. என் நொஸ்கை அவள் திருத்துவாள், அவள் தமிழை நான் திருத்துவேன், இருவருக்கும் கோபம் வரும். அன்றைக்கு அவள் திருத்தவில்லை. தொலைபேசியில் எதையோ தேடிக்கொண்டிருந்தாள்.

“உம்மா, நான் அந்தப் படம் தேடி எடுத்த. ஆனா இது வேற கதை.”

“வேற படமா இரிக்கும் மகள்.”

“முட்டி இரிக்கு. மழை ஆள் இரிக்கு. துவாய் மட்டும் இல்ல.”

சோபாவில் இருவரும் உட்கார்ந்து பார்த்தோம். கீழே நொஸ்க் எழுத்து ஓடியது. ஊரில் வாசிக்க முடியாத எழுத்து, இங்கே வாசிக்க முடிகிற எழுத்து. அவ்வளவுதான் வித்தியாசம், ஆனால் படமே தலைகீழாகிவிட்டது. முட்டிக்குள் இருந்தது ஓதின தண்ணீர் இல்லை. அந்த ஊர் மழை முழுவதையும் மந்திரத்தால் அதற்குள் அடைத்து வைத்திருந்தான் அந்தப் படுபாவி. மழை பெய்தால்தானே மற்றவன் வருவான்? ‘சாப்பிட்டீங்களா’ என்று சபீனா சொன்ன இடத்தில் உண்மையில் அவன் சொன்னது, ‘இந்த ஊர் தாகத்தில் செத்தாலும் உன்னை விடமாட்டேன்’. அவள் குளிக்கப் போகவும் இல்லை. மழைக்காரனோடு போய்விட்டாள், ஒரேயடியாக.

படம் முடிந்தது. ஹனா என்னைப் பார்த்தாள்.

“அப்ப நான் பிழை மொழிபெயர்ப்பால வந்த ஆளா?”

தொலைபேசியை எடுத்தேன். ஊரில் அஸர் தொழுகை நேரம். சபீனா திரையில் வந்தாள், கையில் பாதி வெட்டிய மீன்.

“மச்சி,” என்றேன், “அந்த முட்டிக்குள்ள என்ன இருந்துச்சு?”

“எந்த முட்டி?”

“மழைக்காரன் படத்து முட்டி.”

கொஞ்ச நேரம் மீன் அசையவில்லை. “ஓதின தண்ணி,” என்றாள், பதினெட்டு வருடத்துக்குப் பிறகும் கூசாமல்.

“ஹனா படத்த எடுத்துட்டா. எழுத்தோட பாத்தோம்.”

அவள் மீனைக் கீழே வைத்துவிட்டுச் சிரிக்கத் தொடங்கினாள். சிரித்து முடிய நேரம் எடுத்தது.

“என்ன செய்யச் சொல்றாய்? அந்த எழுத்து ஓடுற ஓட்டத்துக்கு ஆருக்கு வாசிக்க ஏலும்?”

“மருந்துச் சீட்டு வாசிச்சவள் நீ.”

“சரி, எங்கட நவ்ஷாத் நானாவுக்காகத்தான். அவரு உன்ன நெனச்சிக்கிட்டு வாயத் தொறக்காம இருந்தாரு. ஆராவது கதைக்கத்தானே வேணும்?”

“உன்ட நானாவுக்காக மட்டுமா?”

“நானாவுக்காகப் பாதி.”

“மத்தப் பாதி?”

அவள் தொலைபேசியைத் திருப்பிக் காட்டினாள். பின்னால் ரமீஸ் மச்சான் சாரம் கட்டியபடி அலுமாரியைக் குடைந்துகொண்டு நின்றார். “சபீனா, என்ட கண்ணாடி எங்க? இஞ்ச வச்ச கண்ணாடி எங்க?” கண்ணாடி அவர் தலையில் இருந்தது.

“இந்தா, இவருக்காக,” என்றாள் சபீனா. “நீ இவர எடுத்திருந்தா நான் என்ன செய்றது? நான் கிளாஸில இரிக்கக்கயே இவரத்தான் நெனச்சிருந்தன். உன்னட்டச் சொல்ல வெக்கம்.”

“நான் என்ட வாழ்க்கைய உன்ட பொய்யில கட்டியிருக்கன்டீ!”

“நட்டமா? மாத்துவமா? இப்பவே ஏத்தி அனுப்புறன். மோட்டார்சைக்கிளையும் சேத்துத் தாறன், அத இவரு ஒவ்வொரு நாளும் தொடைக்கிறாரு, ஓட்டுறதில்ல.”

நான் அழைப்பைத் துண்டித்தேன். ஹனா வயிற்றைப் பிடித்துக்கொண்டு தரையில் கிடந்தாள். எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை.

5

அடுத்த சில நாட்கள் நான் நல்ல மனைவியாக இருக்கவில்லை. முதியோர் இல்லத்துச் சலவைக்கூடத்தில் எனக்கு வேலை. வெள்ளைத் துணிகளை மடித்துக்கொண்டே யோசிப்பேன். காவல் காக்கிறவன் என்று நான் கட்டிய மனிதன், படத்தில் மழையைத் திருடியவன். வீட்டுக்கு வந்து நவ்ஷாத் சாப்பிடுவதைப் பார்ப்பேன். கப்பல் கட்டும் தளத்தில் பகல் முழுவதும் வெல்டிங் செய்துவிட்டு வந்து, காதுகள் அசைய, ஒரு சொல்லும் இல்லாமல் சோறு சாப்பிடுவார். இந்த அமைதிக்குள் என்ன இருக்கிறது? தண்ணீரா, திருட்டு மழையா? கேட்கவும் வாய் வரவில்லை. படம் பார்த்துக் கணவனைத் தெரிவு செய்தேன் என்று எந்தப் பெண் தன் கணவனிடம் சொல்வாள்?

பரீட்சை நாள் வந்தது. அவர்தான் காரில் கொண்டுபோய் விட்டார். தேர்வாளர்கள் இரண்டு பெண்கள். எனக்கு ஜோடியாக வந்தவள் ஷிரீன், ஆப்கானிஸ்தானிலிருந்து வந்தவள், என் வயதுதான் இருக்கும். சீட்டை எடுத்தோம். இங்கெர் சொன்ன அதே தலைப்பு. முதலில் நான் பேச வேண்டும், பிறகு முடிவு நல்லதா கெட்டதா என்று இருவரும் விவாதிக்க வேண்டும்.

உண்மைக் கதையைச் சொல்வது என்றுதான் தீர்மானித்திருந்தேன். மழைக்காரன், பாலைவனம் எல்லாம் ஒழுங்காக வந்தது. ஷிரீன் முகம் மலர்ந்தது. அவளும் அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறாள் என்று தெரிந்தது. பிறகு முட்டிக்காரனுக்கு வந்தேன். ‘இவன் கெட்டவன்.’ நொஸ்கில் மூன்றே சொல். நாக்கு எழும்பவில்லை. அந்தக் காதுகள் என் கண்ணுக்கு முன்னால் வந்து நின்றன.

“இவர் ஒரு அன்பான மனிதர்,” என்றேன்.

“இல்லை!” என்றாள் ஷிரீன், தன் முறை வரும்வரை பொறுக்காமல். “அவன் மழையைத் திருடினான்.”

“திருடவில்லை. பாதுகாத்தார்.”

“ஊரில் மாடுகள் செத்தன!”

“நீங்கள் சரியாகப் பார்க்கவில்லை. அந்த முட்டிக்குள் இருந்தது...” ஓதின தண்ணீருக்கு நொஸ்கில் சொல் தெரியவில்லை. “வாசித்த தண்ணீர்,” என்றேன்.

தேர்வாளர் ஒருத்தி பேனாவை நிறுத்திவிட்டுப் பார்த்தாள்.

“தண்ணீர் வாசிக்காது,” என்றாள் ஷிரீன்.

“எங்கள் ஊரில் வாசிக்கும்!”

அதற்குப் பிறகு நான் என்ன பேசினேன் என்று எனக்கே முழுவதும் நினைவில்லை. மேசையைத் தட்டினேன். பாடுகிறவனை நம்பலாமா, குடும்பத்துக்குப் பாட்டா சோறு போடும் என்று கேட்டேன். காதல் இல்லாத வீடு சிறைச்சாலை என்றாள் அவள். காதல் என்றால் என்ன, ஈரத் தலைமயிரா என்றேன் நான். “நேரம் முடிந்துவிட்டது” என்று தேர்வாளர் மூன்று தரம் சொல்ல வேண்டியிருந்தது.

முடிவு நான்கு கிழமை கழித்துத்தான் வந்தது. அதை இங்கேயே சொல்லிவிடுகிறேன்: இருவரும் பாஸ். ‘கருத்து வேறுபாடு’ என்ற இடத்தில் எனக்கு ஆகக் கூடிய புள்ளி. ஆனால் நான் எழுத வந்தது அதைப் பற்றி இல்லை. அன்றைக்குக் காரில் நடந்ததைப் பற்றி.

6

வெளியே வந்தபோது நவ்ஷாத் காருக்குப் பக்கத்தில் நின்றார். என்னோடு வந்த ஷிரீன் அவரைப் பார்த்ததும், இவர் இந்தியரா என்று என்னிடம் கேட்டுவிட்டு, நான் இல்லை என்பதற்குள் ஹிந்தியில் ஏதோ சொன்னாள். படங்கள் பார்த்தே பழகிய ஹிந்தியாம். நவ்ஷாத் அதே மொழியில் பதில் சொன்னார். அவள் என்னைக் காட்டிக் காட்டி, நான் மேசையைத் தட்டியதை நடித்துச் சொல்லிச் சிரித்தாள். அவர் காது இரண்டும் சிவந்து, மெல்லிய குரலில் நாலைந்து வசனம் சொன்னார். ஷிரீன் சிரிப்பை நிறுத்திவிட்டு அவரை ஒரு மாதிரிப் பார்த்தாள். பிறகு என் தோளைத் தட்டிவிட்டுப் போனாள்.

கார் முதலாவது சந்தியைத் தாண்டியது. கட்டாரில் மூன்று வருடம். எட்டுப் பேர் படுக்கிற அறையில், வட இந்தியர்களோடு. இந்த மனிதருக்கு ஹிந்தி தெரியும் என்பது எனக்கு எப்போதும் தெரிந்த விடயம்தான். அதை ஒரு நாளும் யோசித்ததில்லை.

“நீங்க அந்தப் படம் பாத்திருக்கீங்களா?”

“பாக்கல்ல,” என்றார். “கேட்டிருக்கன்.”

“எங்க?”

“சித்தி மாமிட வளவுக்குள்ள. படம் தெளிவா வரல்லயெண்டு மாமி என்னக் கூப்பிட்டா. மூண்டு மணித்தியாலம் அண்டெனாக் கம்பப் பிடிச்சிக்கிட்டு நிண்டன். உள்ளுக்கு நீங்க இரிந்தீங்க எண்டும் தெரியும்.”

“அப்ப சபீனா சொன்னதெல்லாம்...”

“ஜன்னலால ஹிந்தியும் கேட்டிச்சி, சபீனாட தமிழும் கேட்டிச்சி. அந்தத் துவாய்க் கட்டத்துல எனக்குச் சிரிப்பு அடக்க ஏலாமப் போய்க் கம்பு ஆடிட்டு. படம் ஆடுது எண்டு நீங்கெல்லாம் சத்தம் போட்டீங்க.”

அவ்வளவு நீளமாக அவர் பேசி நான் கேட்டதே இல்லை.

“தெரிஞ்சிக்கிட்டு ஏன் சொல்லல்ல?”

“சொல்லத்தான் இரிந்தன். திங்கக்கிழம காலையில வாப்பா வந்து, அந்தப் புள்ள ஓமெண்டு சொல்லிட்டாம் எண்டாரு. பொறகு எப்படி வாயத் தொறக்கிற?”

சிவப்பு விளக்கில் கார் நின்றது. அவர் கைகள் சுக்கானிலேயே இருந்தன.

“அந்தப் பொம்புள தடாகத்துக்குள்ள இறங்க முந்தி அவனுக்கு ஒரு வசனம் சொன்னா. சபீனா அத விட்டுட்டா. ‘உனக்கு விருப்பமா எண்டு ஒரு நாளாவது நீ என்னட்டக் கேட்டியா?’ அதுதான் சொன்னது. அது எனக்கு நேரச் சொன்ன மாதிரி இரிந்திச்சி. நானும் உங்களட்டக் கேக்கல்லயே, அதத்தான் இப்ப உங்களோட வந்தவங்களட்டயும் சொன்னன். வாப்பா கேட்டாரு, உம்மா கேட்டா. நான் கேக்கல்ல.”

பிறகு, கண்ணாடிக்கு வெளியே பார்த்தபடி கேட்டார்.

“உங்களுக்கு என்னக் கட்ட விருப்பமா இரிந்திச்சா?”

பொய் சொல்ல நினைத்தேன். இன்னொரு மொழிபெயர்ப்பு வேண்டாம் என்று பட்டது.

“அண்டைக்கு இல்ல,” என்றேன். “அண்டைக்கு நான் சபீனாட முட்டிக்காரனத்தான் கட்டின. உங்களக் கட்ட விருப்பம் வந்தது பொறகுதான்.”

“எப்ப?”

“ஹனா வயித்துல இரிக்கக்க எனக்குக் கருவாட்டு வாசம் ஏலாமப் போச்சே. நீங்க கருவாட்டுக் கறியத் தூக்கிக்கொண்டு பல்கனிக்குப் போய், கதவையும் சாத்திட்டு, தொப்பியும் கையுறையுமாப் பனிக்குள்ள நிண்டு சாப்பிட்டீங்க. நான் கண்ணாடியால பாத்துக்கொண்டு இருந்தன். சோத்துக்கு மேல பனி விழுது, நீங்க அதையும் சேத்துப் பிசையிறீங்க. அண்டைக்கு.”

பச்சை விழுந்து நேரமாகிவிட்டது. பின்னால் நின்ற கார் ஹோர்ன் அடித்தது. இந்த ஊரில் ஹோர்ன் அடிக்கிறவர்களே இல்லை.

“அண்டைக்குத்தான் எனக்குத் தடிமன் புடிச்ச,” என்று சொல்லிவிட்டுக் காரை எடுத்தார்.